உள்ளாட்சி ஒப்பந்தப்புள்ளிகளும் உயர் நீதிமன்றமும்: கேள்வி பதில்

கேள்வி: எங்கள் நகராட்சியின் மழைநீர் வடிகால் பணிக்கு நான் அளித்த ஒப்பந்தப்புள்ளியைத் தகுதிச் சான்றுகள் அடங்கிய தொழில்நுட்ப உறையிலேயே நிராகரித்துவிட்டார்கள், என் விலை உறை திறக்கப்படவே இல்லை. நேரடியாக உயர் நீதிமன்றத்தை அணுகலாமா ஐயா?

பதில்: வேறொருவரின் புள்ளி ஏற்கப்பட்டு ஆணை பிறந்துவிட்டதென்றால், தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளிகள் வெளிப்படைத்தன்மைச் சட்டம், 1998-இன் 11-ஆவது பிரிவின்படி, அந்த ஆணை தங்களுக்குக் கிடைத்த நாளிலிருந்து 10 நாட்களுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம். இந்த வழி இருக்கும்போது அதைத் தாண்டி வந்தால், முதலில் அங்கே போகச் சொல்லி நீதிமன்றம் திருப்பி அனுப்பவே வாய்ப்பு அதிகம்.

ரிட் மனுவில் (அரசு அமைப்பின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகத் தாக்கல் செய்யும் மனுவில்) நீதிமன்றம் எதைப் பார்க்கும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். டாடா செல்லுலார் வழக்கிலிருந்து (1994) உச்ச நீதிமன்றம் கூறிவருவது, முடிவு எடுக்கப்பட்ட முறையைத்தான் நீதிமன்றம் ஆராயும், முடிவு சரியா என்பதை மேல்முறையீடுபோல் எடைபோடாது என்பதே. ஜகதீஷ் மண்டல் வழக்கு (2007) இதை இரண்டு கேள்விகளாகச் சுருக்கியது: உள்நோக்கத்தோடோ, ஒருவருக்குச் சாதகமாகவோ, பொறுப்புள்ள எந்த அதிகாரியும் எடுக்கத் துணியாத அளவுக்குத் தான்தோன்றித்தனமாகவோ முடிவு எடுக்கப்பட்டதா? அதனால் பொதுநலன் பாதிக்கப்பட்டதா? ஆகவே, "என் அனுபவச் சான்றிதழ் போதுமானது" என்று வாதிடுவதைவிட, அதே குறையுள்ள சான்றிதழை இன்னொருவரிடம் ஏற்றுக்கொண்டார்கள் என்று காட்டுவது பல மடங்கு வலுவானது.

இன்னொன்று: நிராகரிப்பு ஆணையில் எழுதாத காரணத்தை, அதிகாரிகள் பின்னர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் பதில் மனுவில் புதிதாகச் சேர்க்க முடியாது என்பது மொஹிந்தர் சிங் கில் வழக்கு (1978) வகுத்த விதி. அந்த ஆணையின் நகலை முதலில் கையில் வாங்குங்கள்.

கேள்வி: நான் ஒப்பந்ததாரர் அல்லன், வார்டில் வரி கட்டுபவன். மூன்று கோடி ரூபாய்ச் சாலைப் பணிக்கு ஒரு வாரம் மட்டுமே அவகாசம் கொடுத்தார்கள். இது செல்லுமா?

பதில்: மேலே சொன்ன 1998-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் 2000-இல் வந்த விதிகளில் 20-ஆவது விதி, இரண்டு கோடி ரூபாய் வரையிலான பணிக்குக் குறைந்தது 15 நாட்களும், அதற்கு மேற்பட்டதற்கு 30 நாட்களும் அவகாசம் தரச் சொல்கிறது. குறைக்க வேண்டுமானால், புள்ளி கோரிய அதிகாரிக்கு மேல்நிலையில் உள்ளவர் காரணத்தை எழுத்தில் பதிவு செய்து அனுமதிக்க வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் அந்தக் குறிப்பின் நகலைக் கேளுங்கள். அப்படி ஒரு தாளே கோப்பில் இல்லையென்றால், மனுவின் முதுகெலும்பு அதுதான்.

அதோடு, போட்டியாளர்கள் புள்ளியோடு கட்டும் பிணைத்தொகையான முன்வைப்புத் தொகைக்கான வங்கி வரைவோலைகளையும் பாருங்கள். ஒரே கிளையில், ஒரே நாளில், அடுத்தடுத்த எண்களில் எடுக்கப்பட்டிருந்தால், போட்டி பெயரளவுக்குத்தான் நடந்தது என்று ஐயுற வலுவான இடமுண்டு.

கேள்வி: பணி பாதி முடிந்துவிட்டது. இப்போது தடை ஆணை கிடைக்குமா?

பதில்: கிடைப்பது அரிது. 2018-இல் திருத்தப்பட்ட குறித்தவகைத் துயர்தணிப்புச் சட்டம், சாலை, குடிநீர், வடிகால் போன்ற கட்டமைப்புத் திட்டங்களைத் தாமதப்படுத்தும் உறுத்துக்கட்டளையை (தடை ஆணையை) உரிமையியல் வழக்குகளில் தடுக்கிறது. ரிட் நீதிமன்றங்களும் இதை மனத்தில் கொள்ள வேண்டும், தடைக்குப் பதில் இழப்பீட்டை நாடச் சொல்லலாம் என்று என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கில் (2022) உச்ச நீதிமன்றம் கூறியது. இது முறைகேடு செய்பவருக்கு அவசரமாகப் பணியைத் தொடங்கிவிடும் ஊக்கத்தைத் தருகிறது என்பது என் வருத்தம். ஆனால் இன்றைய நிலை இதுதான்.

கேள்வி: எந்த அறிவிப்பும் இன்றி என்னைக் கருப்புப் பட்டியலில் சேர்த்துவிட்டார்கள்.

பதில்: இதில் தங்கள் நிலை வலுவானது. தன் தரப்பைச் சொல்ல வாய்ப்பளிக்காமல் ஒருவரைக் கருப்புப் பட்டியலில் வைக்கக் கூடாது என்பது 1975 முதலே நிலைபெற்ற சட்டம். விளக்கம் கேட்கும் அறிவிப்பில் இந்த நடவடிக்கை உத்தேசிக்கப்பட்டிருப்பது தெளிவாகத் தெரிய வேண்டும் என்று கூர்க்கா செக்யூரிட்டி வழக்கு (2014) சொல்கிறது. அடுத்த ஒப்பந்தப்புள்ளியின் கடைசி நாளுக்கு முன்பே மனுவைத் தாக்கல் செய்து, இடைக்கால நிவாரணமும் சேர்த்துக் கேளுங்கள்.