செங்டுவில் ஒருநாள் சமையல் வகுப்பு: எதைப் பார்த்துச் சேர்வது?

கேள்வி: நானும் கணவரும் செப்டம்பர் 28 முதல் அக்டோபர் 4 வரை சீனாவின் செங்டு நகரில் தங்கப்போகிறோம். ஒருநாள் சமையல் வகுப்பில் சேர ஆசை. நான் சைவம், முட்டை மட்டும் சேர்த்துக்கொள்வேன். அவர் கோழி, மீன் சாப்பிடுவார். மாடும் பன்றியும் தொடமாட்டார். இரண்டு மணி நேரத்தில் எட்டு வகை கற்றுத்தருவதாக ஓரிடத்தில் சொல்கிறார்கள். இன்னோரிடத்தில் காலையில் சந்தைக்கு அழைத்துப்போய், பிறகு மூன்றே வகை சொல்லித்தருகிறார்கள், கட்டணமோ அதிகம். எதில் சேரலாம்? அங்கே கற்பது எங்கள் வீட்டு அடுப்பில் வருமா? (மதுரை வாசகி)

பதில்: மூன்று வகைக்காரரிடமே போங்கள். இரண்டு மணி நேரத்தில் எட்டு வகை என்றால் உங்கள் கை எதிலும் படப்போவதில்லை.

அப்படி ஒரு வகுப்புக்குப் பணம் கட்டி ஏமாந்த அனுபவம் எனக்கு உண்டு. காய்களையெல்லாம் முன்கூட்டியே நறுக்கி, சாஸ்களைக் கிண்ணங்களில் அளந்து, மேசையில் வரிசையாக வைத்திருந்தார்கள். ஆசிரியர் சமைத்தார், நாங்கள் பன்னிரண்டு பேர் சுற்றி நின்று படம் எடுத்தோம். கடைசியில் வெங்காயத்தாள் தூவியதுதான் என் பங்கு. ஏப்ரனோடு நான் நிற்கும் படம் மட்டும் நன்றாக வந்தது.

செய்முறையும் அளவும் வீட்டில் உட்கார்ந்தபடியே கிடைத்துவிடும். அதற்காக விமானம் ஏற வேண்டியதில்லை. பக்கத்தில் ஒருவர் நின்று திருத்தினால்தான் வருபவை மூன்று: கத்தி பிடிப்பது, தீயை ஆள்வது, மிளகாய் விழுதை வதக்கும் பதம். ஒரு வகுப்பில் இந்த மூன்றும் உங்கள் கைக்கு வந்துவிட்டால் கொடுத்த காசு செரித்தது. ஆகவே பணம் கட்டுவதற்கு முன் கேட்க வேண்டியது ஒன்றுதான்: "ஆளுக்கு ஓர் அடுப்பு, ஆளுக்கு ஒரு கத்தி உண்டா?" இரண்டு பேருக்கு ஓர் அடுப்பு என்றால்கூடச் சம்மதிக்கலாம். மழுப்பலான பதில் வந்தால் விட்டுவிடுங்கள்.

கத்தியிலிருந்து தொடங்குகிறேன். சீனச் சமையலறையின் அகலக் கத்தியைப் பார்த்ததும் கறிக்கடை நினைவுக்கு வரும். அதன் பெயரோ 'சாய் தாவ்', அதாவது காய்க்கத்தி. எலும்பில் போட்டால் வாய் உடைந்துவிடும் அளவுக்கு மெல்லிய தகடு. பிடியை முஷ்டிபோல் இறுக்கிப் பிடிப்பதுதான் எல்லோரும் செய்கிற முதல் தவறு. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் தகட்டின் இரு பக்கத்தையும் கிள்ளினாற்போல் பற்ற வேண்டும். மற்ற மூன்று விரல்களே பிடியில். இடக்கை விரல்நுனிகளை உள்ளே மடக்கினால் கணுக்கள் தகட்டை உரசி நிற்கும். கத்திக்கு வழி காட்டுவது அந்தக் கணுக்கள்தாம். அரிவாள்மனையில் காயை நகர்த்திப் பழகிய கைக்குக் கத்தியை நகர்த்துவது முதலில் பிடிபடாது. ஒரு முழு இஞ்சியை நூல்போல் நறுக்கி முடிக்கும்போது கை வசப்பட்டுவிடும்.

அடுத்தது விழுது. செங்டு இருக்கும் சிச்சுவான் மாகாணத்துச் சமையலின் முதுகெலும்பு தோபான்ஜியாங் என்ற புளித்த விழுது. செங்டுவின் புறநகரான பீதூ மாவட்டத்தில்தான், பழைய பெயரில் பீஷியன், பேர்பெற்ற வகை தயாராகிறது. ஃபாவா எனப்படும் பெரிய பயறையும் சிவப்பு மிளகாயையும் உப்புப் போட்டு மண்ஜாடிகளில் புளிக்க வைக்கிறார்கள். பகலில் திறந்து கிளறி வெயில் காட்டுவார்கள், இரவில் பனி படவிடுவார்கள். ஊறுகாய் ஜாடியை மொட்டைமாடிக்கும் அடுக்களைக்குமாகத் தூக்கி அலைந்த நம் பாட்டிகளுக்கு இதை விளக்கவே வேண்டாம். ஓராண்டு வைத்தது சிவந்திருக்கும். மூன்றாண்டு வைத்தது கறுத்து, மணம் ஆழ்ந்திருக்கும். கோதுமை மாவு சேர்ப்பதும் வழக்கம் என்பதால், கோதுமை ஒவ்வாதவர்கள் பொட்டலத்தைப் படித்துப் பார்க்க வேண்டும்.

இதை வதக்கும் பதத்தை மாப்போ டோஃபு என்ற சோயாக்கட்டிக் குழம்பைச் செய்துதான் கற்க வேண்டும். 19ஆம் நூற்றாண்டில் செங்டுவின் ஒரு பாலத்தருகே உணவுக்கடை நடத்திய, முகத்தில் அம்மைத் தழும்புள்ள சென் வீட்டு அம்மாள் செய்த பண்டம் என்று அதன் பெயருக்குக் காரணம் சொல்கிறார்கள். முதலில் டோஃபுவைச் சதுரங்களாக வெட்டி, கொதிக்காமல் ததும்பும் உப்புத் தண்ணீரில் சில நிமிடம் போடுவார்கள். பச்சை வாடை போகும், துண்டு உடையாது. வாணலியைப் புகையும்வரை காயவிட்டு, எண்ணெய் ஊற்றிச் சுழற்றி, அதை வடித்துவிட்டுப் புது எண்ணெய் ஊற்றுவார்கள். 'சூடான சட்டி, ஆறிய எண்ணெய்' என்று அங்கே ஒரு சொலவடையே உண்டு. அப்புறம் தீயை நன்றாகத் தணித்துவிட்டுத்தான் விழுது உள்ளே போகும்.

இந்த இடத்தில் கண்ணை எடுக்காதீர்கள். வத்தக்குழம்பில் எண்ணெய் பிரிவதைப் பார்த்துப் பழகிய நமக்குப் பாதி வேலை தெரியும். ஆனால் அங்கே எண்ணெய் பிரிந்தால் மட்டும் போதாது, நிறம் மாற வேண்டும். ஓரத்தில் மெல்லச் சிவப்பு கசிந்து, ஒன்றிரண்டு நிமிடத்தில் எண்ணெய் முழுவதும் மாதுளைச் சாற்றின் நிறத்துக்கு வரும். பச்சைப் புளிப்பு வாடை மறைந்து வறுத்த பயறின் மணம் எழும். அதுதான் பதம். தீ கொஞ்சம் தூக்கலானாலும் விழுது கறுத்துக் கசந்துவிடும். பிறகு எதைச் சேர்த்தாலும் மீட்க முடியாது. முதல் தடவை கருகவிட்டால் வெட்கப்படாமல் இன்னொரு கரண்டி விழுது கேட்டு வாங்குங்கள். பிறகு இஞ்சி, பூண்டு, தண்ணீர், டோஃபு. கரண்டியின் முதுகால் தள்ளிவிடுங்கள், கிளறாதீர்கள். மாவுக் கரைசலை ஒரேயடியாகக் கொட்டாமல் மூன்று தவணையாக ஊற்றினால்தான் குழம்பு துண்டுகளைப் பற்றிக்கொள்ளும். பழக்கதோஷத்தில் உப்புப் போட்டுவிடாதீர்கள். விழுதில் இருப்பதே தாராளம்.

மேலே தூவும் சிச்சுவான் மிளகு மிளகும் அல்ல, மிளகாயும் அல்ல. எலுமிச்சைக் குடும்பத்துக் காய். உள்ளிருக்கும் கறுப்பு விதை மணல்போல் பல்லில் நெறிபடும், அதைத் தள்ளிவிட்டுத் தோலை மட்டும் வறுத்துப் பொடிப்பார்கள். கொங்கணியர் மீன்குழம்பில் போடும் திர்ஃபல் இதற்குப் பங்காளி. வாயில் போட்டால் உதடு மரத்து அதிரும். அந்த அதிர்வு நொடிக்குச் சுமார் 50 தடவை என்று 2013இல் லண்டன் ஆய்வாளர்கள் அளந்து சொன்னார்கள். நம் வீட்டு மின்சாரத்தின் அலைவெண்ணும் அதுவே! வகுப்பில் ஒரே ஒரு தோலைத் தனியாக மென்று பாருங்கள். நம் ஊர்த் தள்ளுவண்டிகளின் 'ஷெஸ்வான்' ஃபிரைடு ரைஸில் பெரும்பாலும் இதுவும் கிடையாது, அந்த விழுதும் கிடையாது என்பது அப்போது நாக்குக்கே தெரிந்துவிடும்.

இனி உங்கள் சைவம். "இறைச்சி வேண்டாம்" என்று சொல்வது போதாது. 'ரோ' என்ற சொல்லுக்கு அங்கே பேச்சுவழக்கில் பன்றி இறைச்சி என்றே பொருள். அது வேண்டாம் என்றால் கோழிச்சாறு ஊற்றித் தருவார்கள், எந்தக் கெட்ட எண்ணமும் இல்லாமல். 'வோ ச்சி சூ', 'நான் சைவம் சாப்பிடுகிறேன்' என்பதே சரியான வாசகம். அதன்கீழ், பன்றிக்கொழுப்பு, கோழிச்சாறு, கோழிச்சாற்றுப் பொடி, ஆயிஸ்டர் (சிப்பி) சாஸ் ஆகியவை வேண்டாம், முட்டை சாப்பிடுவேன் என்று சீன எழுத்தில் எழுதி வாங்கி போனில் வைத்துக்கொள்ளுங்கள். பதிவு செய்யும்போதே அதை ஆசிரியருக்கு அனுப்புங்கள். வகுப்பன்று காலையில் சொன்னால் சந்தையில் வாங்கும் பட்டியல் மாறாது. ஒரு சிறு சிக்கலும் உண்டு: 'சூ' என்றதும் உங்களைப் பௌத்தச் சைவமாக எண்ணிப் பூண்டையும் வெங்காயத்தையும் நிறுத்திவிடலாம். அவை வேண்டும் என்றும் ஒரு வரி சேருங்கள். செங்டுவின் வென்ஷு மடாலயத்தில் சைவ உணவகம் இருக்கிறது. வகுப்பில்லாத நாளில் அங்கே கவலையில்லாமல் சாப்பிடலாம்.

மாப்போ டோஃபுவில் வழக்கப்படி கொத்திய மாட்டிறைச்சி சேரும். உங்கள் இருவருக்குமே அது ஆகாது. பொடியாக நறுக்கிய காளானைப் போடச் சொல்லுங்கள், குறை தெரியாது. இரண்டாவதாக 'மீன் மணக் கத்தரிக்காய்' கேளுங்கள். பெயரில்தான் மீன். மீனுக்குப் போடும் ஊறிய மிளகாய், இஞ்சி, பூண்டு, சர்க்கரை, காடி (வினிகர்) எல்லாம் சேருவதால் வந்த பெயர். பன்றிக்கொத்து சேர்ப்பவர்களும் உண்டு, முன்பே சொல்லிவிடுங்கள். மதுரைக்குத் திரும்பியதும் நீங்கள் அடிக்கடி செய்யப்போவது இதுவாகத்தான் இருக்கும். மூன்றாவது, உங்கள் கணவருக்காகக் குங் பாவ் கோழி. சிச்சுவானின் ஆளுநராக இருந்த திங் பாவ்சென் என்பவரின் அரசுப் பட்டமே கறிக்கும் பெயராக வந்ததாகச் சொல்வார்கள். அதில் கவனிக்க வேண்டியது வேர்க்கடலையை எப்போது போடுவது என்பதுதான்: அடுப்பை அணைப்பதற்குச் சற்று முன் போட்டால் மொறுமொறுப்பு நிற்கும். கறிக்கும் சைவத்துக்கும் வாணலியும் கரண்டியும் வேறு வேறாக வேண்டும் என்பதையும் அதே கடிதத்தில் எழுதிவிடுங்கள்.

உங்கள் தேதிகளில் ஒரு கண்ணி இருக்கிறது. அக்டோபர் 1 சீனாவின் தேசிய நாள். அதையொட்டி ஒரு வாரம் விடுமுறை. நாடே பயணத்தில் இருக்கும், ரயில் டிக்கெட் அகப்படாது, செங்டுவில் கூட்டம் நெரியும். வகுப்பை 29 அல்லது 30ஆம் தேதியில் முடித்துவிடுங்கள். தேதிக்காக மட்டும் சொல்லவில்லை. பயணத்தின் தொடக்கத்திலேயே கற்றுக்கொண்டால், மீதி நாட்களில் ஒவ்வொரு கடையிலும் தட்டில் வருவது இன்னதென்று புரிந்து சாப்பிடலாம். சந்தைக்குப் போவதும் அதற்காகத்தான்: விழுதிலேயே எத்தனை வயது, எத்தனை நிறம் என்று மூடியைத் திறந்து முகர்ந்து பார்க்கலாம். அரை நாள் மிச்சமிருந்தால் பீதூவில் உள்ள சிச்சுவான் உணவு அருங்காட்சியகத்துக்குப் போங்கள். முற்றத்தில் விழுது ஜாடிகள் வெயில் காயும் காட்சிக்காகவே போகலாம். போகுமுன், போனில் பணம் செலுத்தும் செயலிகளான அலிபே அல்லது வீசாட்டில் உங்கள் கார்டை இணைத்துக்கொள்ளுங்கள். சந்தைக்கடைவரை எல்லாம் போனில்தான் நடக்கிறது. கூகுள் மேப்பை நம்பிப் போகாதீர்கள்.

வீட்டு அடுப்பில் வருமா என்ற கேள்விக்கு: மாப்போவும் கத்தரிக்காயும் அப்படியே வரும், அவற்றுக்குத் தணிந்த தீயும் நடுத்தரத் தீயும் போதும். பெருந்தீ கேட்பது குங் பாவ் போன்ற வறுவல்கள். உணவகத்து அடுப்பின் வேகம் நம் காஸ் அடுப்பைப்போலப் பல மடங்கு. அதற்கு ஒரே வழி, கால் கிலோவுக்குமேல் ஒரே ஈட்டில் போடாமல் இரண்டு தடவையாகச் செய்வது. அதிகம் போட்டால் கோழி வறுபடாமல் தன் தண்ணீரிலேயே வெந்துவிடும். நான்ஸ்டிக் வேண்டாம், பழைய இரும்பு வாணலி போதும். வகுப்பில் இன்னொரு வேலையும் செய்யுங்கள்: கடைசி வகையை மட்டும் தீயைப் பாதியாகக் குறைத்துச் சமைக்க ஆசிரியரிடம் அனுமதி கேளுங்கள். உங்கள் வீட்டில் எப்படி வரும் என்பது அங்கேயே தெரிந்துவிடும்.

வாங்கி வர வேண்டியவை விழுதும் சிச்சுவான் மிளகும் மட்டுமே. சோயா சாஸ், காடி இங்கேயே கிடைக்கும். விழுது விமானத்தில் கையோடு வராது, பெட்டியில்தான் போட வேண்டும். மிளகை ஆலையில் மூடிய பொட்டலமாக வாங்குங்கள், சந்தையில் அள்ளித் தருவது வேண்டாம். எலுமிச்சை மரங்களுக்கு நோய் பரவும் என்று அமெரிக்கா 1968 முதல் 2005 வரை இதைத் தடுத்தே வைத்திருந்தது. இந்தியச் சுங்கத்திலும் விதை, செடி, பச்சைக் காய் விஷயத்தில் கெடுபிடி உண்டு.

கத்தியும் வாங்கத் தோன்றும், எனக்கும் தோன்றியது. ஆனால் செங்டு மெட்ரோவிலும் அதிவேக ரயிலிலும் வாசலிலேயே பையைச் சோதிப்பார்கள். சமையல் கத்தியை உள்ளே விடமாட்டார்கள். வாங்குவதென்றால் கடைசி நாளில் வாங்கி, டாக்ஸியில் அறைக்குக் கொண்டுவந்து, நேரே பெட்டியின் அடியில் துணி சுற்றி வைத்துவிடுங்கள்.