அமெரிக்க மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் ஏன் படங்களில் சிரிக்கவே மாட்டார்?

சிறுவயதில் மேடையில் கற்ற பழக்கம் அது. 1895இல் கான்சஸ் மாநிலத்தில் பிறந்த கீட்டனின் பெற்றோர் ஊர் ஊராகப் போய் நிகழ்ச்சி நடத்தும் கலைஞர்கள். அப்பா மகனை மேடையில் தூக்கி எறிவார், அதுதான் வேடிக்கை. விழுந்த பையன் சிரித்தால் கூட்டம் அவ்வளவாகச் சிரிப்பதில்லை, முகத்தை இறுக்கமாக வைத்திருந்தால் அரங்கமே அதிர்கிறது. அதைச் சின்ன வயதிலேயே கவனித்துவிட்டார்.

1917இல் நகைச்சுவை நடிகர் ரோஸ்கோ ஆர்பக்கிள் மூலம் சினிமாவுக்கு வந்தார். அப்புறம் சொந்தமாக எடுத்த படங்களில்தான் அவருடைய மேதைமை தெரியும். 1928இல் வந்த ‘ஸ்டீம்போட் பில் ஜூனியர்’ படத்தில் ஒரு வீட்டின் முன்சுவர் முழுதாக அவர்மேல் சரியும். திறந்திருக்கும் ஜன்னல் சரியாக அவர் நிற்கும் இடத்தில் விழுவதால் தப்புவார். தந்திரக் காட்சி இல்லை, நிஜச் சுவர். சில அங்குலம் பிசகியிருந்தால் உயிரே போயிருக்கும். எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு மூச்சு நின்றுவிடுகிறது. 1924இல் இன்னொரு படப்பிடிப்பில் ரயில் நிலையத் தண்ணீர்த் தொட்டியிலிருந்து கொட்டிய நீரின் வேகத்தில் கழுத்தெலும்பு முறிந்தது. அது அவருக்கே பல ஆண்டுகள் கழித்துத்தான் தெரிந்தது!

1928இல் எம்ஜிஎம் என்ற பெரிய ஹாலிவுட் நிறுவனத்தில் சேர்ந்ததும் படைப்புச் சுதந்திரம் போனது. குடி, விவாகரத்து என்று சரிந்தார். 1940இல் எலினாரை மணந்தபின் மெல்ல மீண்டார். 1960இல் கௌரவ ஆஸ்கர் கிடைத்தது. 1966இல் இறந்தார்.