டயமண்ட் வில்லோவில் வைரம் விழவில்லையா? இரண்டாவது தடவை ஏமாறாதீர்கள்

கேள்வி: கனடாவின் ஆல்பர்ட்டாவில் எங்கள் நிலத்தின் ஓரம் எப்போதும் ஈரமாகக் கிடக்கும் பள்ளம் இருக்கிறது. மூன்று வருடத்துக்கு முன், தண்டில் வைர வடிவக் குழிகள் விழும் ‘டயமண்ட் வில்லோ’ (ஈரநிலத்தில் வளரும் வில்லோ மரத்தில் ஒரு ரகம்) என்று ஆறு கன்று வாங்கி நட்டோம். நன்றாக வளர்ந்தும் தண்டில் ஒரு வைர வடிவம்கூட இல்லை. விற்றவரைக் கேட்டால், ஒட்டுக்கட்டிய ரகம் இருக்கிறது, பள்ளத்தில் மண் கொட்டி மேடாக்கி அதை நடுங்கள் என்கிறார். வாங்கலாமா?

வாங்காதீர்கள். டயமண்ட் வில்லோ என்று தனியாக ஒரு செடியே கிடையாது, இதைத் தெரிந்தேதான் பலர் விற்கிறார்கள். அந்த வைரம் ஒரு புண். செடியின் கீழ்க்கிளை பட்டுப்போன இடத்தில் பூஞ்சை பிடிக்கிறது (பெரும்பாலும் வல்சா சோர்டிடா என்ற பூஞ்சைதான்), அந்த இடத்தில் மரம் செத்துவிட, சுற்றியிருக்கும் உயிருள்ள பகுதி மட்டும் வருடா வருடம் பருத்துக்கொண்டே போவதால் நடுவில் குழி விழுகிறது. பட்டையை உரித்துப் பாருங்கள், வெளிமரம் வெளுப்பாக இருக்கும், குழிக்குள் செம்பழுப்பு நிறம் தெரியும், குழியின் நடுவில் அந்தச் செத்த கிளையின் அடி இன்னமும் இருக்கும். கைத்தடி செதுக்குகிறவர்கள் தேடி அலைவது இதைத்தான். இது விதையிலும் வராது, ஒட்டிலும் வராது.

உங்களிடம் இருப்பது அநேகமாக பெப் வில்லோ. அலாஸ்காவிலிருந்து நியூஃபவுண்ட்லாந்து வரை ஈரநிலங்களில் தானாக வளரும் புதர், வைரம் அதிகம் விழுவதும் இதில்தான். வில்லோக்களை ஆராய்ந்த மைக்கேல் பெப் நினைவாக 1895-இல் இந்தப் பெயர் வைத்தார்கள். இலையைத் திருப்பிப் பாருங்கள், அடிப்பக்கம் சாம்பல் பூத்து நரம்புகள் வலைபோலப் புடைத்திருந்தால் அதுவாக இருக்க நல்ல வாய்ப்பு.

அடுத்து உங்களுக்குக் கன்று விற்றவர் நடுவதற்கென்று குச்சிக் கட்டு கொண்டுவருவார், அதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். வில்லோவில் எந்தக் குச்சியை ஒடித்து நட்டாலும் வேர்விடும் என்பது எல்லோருக்கும் தெரிந்த விஷயம், பெரும்பாலான வில்லோவுக்கு அது சரியும்கூட, ஆனால் பெப் வில்லோவுக்குச் சரியில்லை. ஆற்றங்கரை வில்லோக்களின் தண்டில் வேர்முளைகள் முன்கூட்டியே உருவாகிக் காத்திருக்கும், இதில் அப்படி நம்பி இருக்க முடியாது. அதனால் பத்துக் குச்சி நட்டால் சில வேளை ஒன்றிரண்டு பிழைக்கும், சில வேளை எதுவுமே பிழைக்காது. ஈரம் போதவில்லை, நட்ட நாள் சரியில்லை என்று பழியை உங்கள் மேல் போட்டு இன்னொரு கட்டு விற்பார்கள். பெப் வில்லோ இன்னும் வேண்டுமென்றால் விதைதான் வழி. காய் வெடித்துப் பஞ்சு வெளியே வந்ததும் விதையை எடுத்து அன்றைக்கே ஈரமண்ணின் மேல் தூவுங்கள், மண் போட்டு மூடக் கூடாது. விதைக்கு ஆயுள் மிகக் குறைவு. பாக்கெட்டில் மாதக்கணக்கில் கிடந்த விதையை யார் கொடுத்தாலும் வாங்காதீர்கள்.

மண் கொட்டும் யோசனையை இன்றைக்கே விட்டுவிடுங்கள். ஆல்பர்ட்டாவில் ஈரநிலத்தை நிரப்பவும் வடிக்கவும் நீர்ச் சட்டத்தின்படி அனுமதி வாங்க வேண்டும். நிரந்தரமாகத் தண்ணீர் நிற்கும் இயற்கையான நீர்நிலை என்றால் அதன் படுகையும் கரையும் அரசுக்குச் சொந்தம், பத்திரம் உங்கள் பெயரில் இருந்தாலும்தான். எல்லை எதுவரை என்று கேட்டால் ஒரு அலுவலகம் இன்னொன்றைக் கைகாட்டும், அது திரும்ப முதல் அலுவலகத்தையே காட்டும். எனக்கு இதில் பொறுமை போய் வருடங்கள் ஆகின்றன. ஆனாலும் பதிலை எழுத்தில் வாங்காமல் மண்வெட்டியைத் தொடாதீர்கள். அபராதம் உங்களுக்குத்தான் வரும், விற்றவருக்கு வராது.

இருக்கிற ஆறு செடியையும் பிடுங்க வேண்டாம். வசந்தத்தின் தொடக்கத்தில் தேனீக்களுக்கு முதல் மகரந்தம் தருவதே வில்லோதான். வைரம் விழட்டும் என்று தண்டைக் கத்தியால் கீறவும் வேண்டாம், அதனால் செடி கெடுவதுதான் மிச்சம். செடி நெருக்கமாக வளரட்டும், நிழலில் பட்டுப்போகும் கீழ்க்கிளைகளைக் கழிக்காமல் அப்படியே விடுங்கள். அப்புறம் சில வருடம் கழித்து அந்தக் கிளைகள் தண்டைத் தொடும் இடத்தில் விரலால் தடவிப் பாருங்கள், பட்டை உள்வாங்கியிருந்தால் வைரம் தொடங்கிவிட்டது.