மாரடைப்புக்குப் பிறகு வாசல்படி தாண்டப் பயப்படும் கணவர்: எப்படி நடக்க வைப்பது?

கேள்வி: என் கணவருக்கு 54 வயது. கும்பகோணத்தில் மளிகைக் கடை வைத்திருக்கிறோம். ஐந்து வாரங்களுக்கு முன் அவருக்கு மாரடைப்பு வந்தது. ஆஞ்சியோ செய்து ஒரு ஸ்டென்ட் வைத்தார்கள். 'பம்பிங் 45 சதவீதம் இருக்கிறது, வேறு அடைப்பு இல்லை, தாராளமாக நடக்கலாம்' என்று சொல்லித்தான் டாக்டர் அனுப்பினார். ஆனால் இவர் வாசல்படியைத் தாண்டுவதில்லை. 'பாதி இதயம்தான் வேலை செய்கிறது' என்கிறார். அடிக்கடி நாடி பிடித்துப் பார்க்கிறார். சின்ன விஷயத்துக்கும் கோபம், திடீரென்று கண்ணீர். இரவில் அவர் மூச்சைக் கவனித்துக்கொண்டு நானும் தூங்குவதில்லை. குளியலறைக் கதவைத் தாழ்ப்பாள் போடக்கூட நாங்கள் விடுவதில்லை. அவரை எப்படி நடக்க வைப்பது? இந்தப் பயம் எப்போது போகும்?

பதில்: முதலில் அந்த 45-ஐப் பற்றிப் பேசிவிடுவோம். உங்கள் வீட்டுப் பயத்தில் பாதி அந்த ஒரு எண்ணிலிருந்துதான் வருகிறது.

இதயத்தின் இடது கீழறை ஒரு துடிப்பில், தன்னிடம் நிரம்பிய ரத்தத்தில் எத்தனை சதவீதத்தை வெளியே தள்ளுகிறது என்பதுதான் பம்பிங் கணக்கு. நல்ல ஆரோக்கியமான இதயமே 55 முதல் 70 வரைதான் தள்ளும். நூறு யாருக்கும் கிடையாது. ஆகவே உங்கள் கணவரின் 45-ஐ 55-ஓடு ஒப்பிடுங்கள். லேசான குறைவு, அவ்வளவுதான். இன்னொரு விஷயமும் இருக்கிறது. ரத்தக் குழாய் அடைபட்டபோது தசையின் ஒரு பகுதி செத்துப்போகிறது. அதைச் சுற்றியுள்ள பகுதி சாகாமல் மரத்துப்போய்க் கிடக்கும். அடைப்பு நீங்கியபின் சில வாரங்களில் அது மெல்ல வேலைக்குத் திரும்பலாம். அதனால்தான் 6 முதல் 12 வாரங்களுக்குள் இன்னொரு எக்கோ (இதய ஸ்கேன்) எடுத்துப் பார்க்கச் சொல்கிறோம். அந்தத் தேதியை இப்போதே குறித்து வைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கணக்கை டாக்டர் வாயாலேயே அவரிடம் ஒருமுறை சொல்ல வையுங்கள். மனைவி சொன்னால் 'என்னைத் தேற்றுவதற்காகச் சொல்கிறாள்' என்றுதான் படும்.

அடுத்தது நடை. 'பயம் போகட்டும், அப்புறம் நடக்கிறேன்' என்று அவர் நினைக்கிறார். காத்திருந்தால் இந்தப் பயம் போகாது, வளரும். ஐந்து வாரம் படுக்கையிலும் நாற்காலியிலுமே இருந்தால் தொடையும் கெண்டைக்காலும் பலம் இழந்துவிடும். அப்புறம் ஒருநாள் மாடி ஏறினால் மூச்சு வாங்கும். அது கால் தசையின் பலவீனம் என்று அவருக்குத் தெரியாது. 'இதயம் தாங்கவில்லை' என்று எண்ணி மறுபடி படுத்துவிடுவார். மறுமுறை இன்னும் சீக்கிரம் மூச்சு வாங்கும். இந்தச் சுற்றை உடைக்க நடைதான் வழி. தினமும் நடந்து பழகிய கால் தசை, வரும் ரத்தத்திலிருந்து ஆக்சிஜனை நன்றாக உறிஞ்சிக்கொள்ளும். அதே வேலைக்கு இதயம் முன்னைவிடக் குறைவாக உழைத்தால் போதும்.

'மாரடைப்பு வந்தவர் அசையக் கூடாது' என்று வீட்டுப் பெரியவர்கள் சொன்னால் அவர்கள்மேல் குற்றமில்லை. ஒரு காலத்தில் டாக்டர்களே ஆறு வாரம் வரை படுக்கையில் கிடத்தினார்கள். பாஸ்டன் நகரில் சாமுவேல் லெவைன், பெர்னார்ட் லோன் என்ற இரு மருத்துவர்கள் நோயாளிகளைச் சீக்கிரமே எழுப்பி நாற்காலியில் உட்கார வைத்து, அதனால் கெடுதல் இல்லை என்று 1952-இல் எழுதினார்கள். அதன்பின் உலகம் மாறிவிட்டது. வீட்டு வழக்கம் மட்டும் பழைய இடத்திலேயே நிற்கிறது.

நடையைத் தொடங்கும் முறை

தொடங்குமுன் டாக்டருக்கு ஒரு போன். கடந்த சில நாளில் நெஞ்சுவலி வந்ததா, மல்லாந்து படுத்தால் மூச்சு முட்டுகிறதா, பாதம் வீங்குகிறதா என்று கேட்பார். மூன்றுக்கும் 'இல்லை' என்றால் மறுநாளே தொடங்கலாம். பெரிய மருத்துவமனைகள் சிலவற்றில் இதய மறுவாழ்வுப் பயிற்சி நடக்கிறது. ஆறு நிமிடத்தில் எவ்வளவு தூரம் நடக்கிறார் என்று அளந்து, அதை வைத்துப் பயிற்சியைக் கூட்டுவார்கள். அந்த வசதி பக்கத்தில் இருந்தால் முதல் சில நாளாவது அங்கே போங்கள். நாலு பேர் பார்க்க, ஈசிஜி ஓட, பத்து நிமிடம் நடந்து ஒன்றும் ஆகவில்லை என்று கண்ணால் கண்டால் பாதி பயம் அங்கேயே இறங்கிவிடும்.

வீட்டில் செய்வதானால் சமதரையில், ஐந்து நிமிடம், காலை ஒரு முறை, மாலை ஒரு முறை. முதல் வாரம் அவ்வளவே. இரண்டாம் வாரம் பத்து நிமிடம், மூன்றாம் வாரம் பதினைந்து, நாலாம் வாரம் இருபது. அதன்பின் ஒரே நடையாக முப்பது நிமிடம், வாரத்தில் ஐந்து நாள். ஒவ்வொரு நடையிலும் முதல் சில நிமிடமும் கடைசிச் சில நிமிடமும் மெதுவாக இருக்கட்டும். வேகமாக நடந்துவிட்டுச் சட்டென்று நின்றால் ரத்தம் காலிலேயே தங்கித் தலைசுற்றும். அதையும் அவர் மாரடைப்பு என்றே எடுத்துக்கொள்வார். சாப்பிட்டு ஒன்றரை மணி நேரம் கழித்தே நடக்கலாம். உங்கள் ஊர் வெயிலுக்குக் காலை ஏழு மணிக்குள் முடிப்பது நல்லது. சர்க்கரை மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர் என்றால் வெறும் வயிற்றில் நடக்க வேண்டாம், பையில் கொஞ்சம் சர்க்கரையோ மிட்டாயோ இருக்கட்டும். தமிழக அரசின் 'நடப்போம் நலம் பெறுவோம்' நடைபாதைகள் 8 கிலோமீட்டர் நீளம் கொண்டவை. அங்கே போனாலும் முழுத் தூரமும் நடக்க வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை.

வேகம் சரியா என்பதற்கு நாடியை நம்ப வேண்டாம். மெட்டோபிரோலால், பைசோபிரோலால் போன்ற மாத்திரைகள் துடிப்பைக் குறைப்பதற்கென்றே தரப்படுகின்றன. சும்மா இருக்கும்போது 55, 60 என்று காட்டினால், தலைசுற்றல் இல்லாதவரை, மாத்திரை வேலை செய்கிறது என்றே பொருள். அவர் அதைப் பார்த்துத்தான் 'இதயம் அடங்கிப்போகிறது' என்று பயப்படுகிறாரோ என்னவோ, கேட்டுப் பாருங்கள். நாடி பார்ப்பதைக் காலை எழுந்ததும் ஒரு முறை, மாலை ஒரு முறை என்று நிறுத்தி நோட்டில் எழுதச் சொல்லுங்கள். நடக்கும்போது அளவுகோல் பேச்சுதான். உங்களோடு பேசிக்கொண்டே நடக்க முடிய வேண்டும், ஆனால் பாட்டுப் பாட மூச்சு போதக் கூடாது. பேச்சே வரவில்லை என்றால் வேகம் அதிகம்.

முதல் வாரம் நீங்கள் பக்கத்திலேயே நடங்கள். இரண்டாம் வாரம் தெருமுனையில் நில்லுங்கள். மூன்றாம் வாரம் வாசலில். நாலாம் வாரம் அவர் தனியாகப் போகட்டும், சட்டைப்பையில் செல்போனும் மாத்திரைப் பெயர்கள் எழுதிய சீட்டும் இருக்கட்டும். இந்த இடைவெளியைத் தள்ளிப்போடாதீர்கள். நீங்கள் கூட இருப்பதால்தான் ஒன்றும் ஆகவில்லை என்று மனம் கணக்குப் போட்டுவிட்டால், தனியாக ஓர் அடி எடுத்து வைக்க மாட்டார்.

எந்த வலிக்குப் பயப்பட வேண்டும்

'வலி வந்தால் என்ன செய்வது' என்பதற்குத் தெளிவான விடை வீட்டில் இருந்தால் மனம் அடங்கும். ஒற்றை விரலால் இடத்தைக் காட்ட முடிகிற வலி, ஓரிரு நொடி சுருக்கென்று குத்திப் போவது, திரும்பிப் படுத்தால் மாறுவது, அழுத்தினால் வலிப்பது ஆகியவை பெரும்பாலும் தசையும் எலும்பும் சார்ந்தவை. நெஞ்சின் நடுவே பாரம் வைத்தாற்போன்ற அழுத்தம், தாடைக்கோ தோளுக்கோ கைக்கோ பரவுவது, வியர்வை, குமட்டல், அல்லது அன்று மாரடைப்பு வந்தபோது இருந்த அதே உணர்வு: இவற்றில் காத்திருக்கக் கூடாது. நாக்குக்கு அடியில் வைக்கும் சார்பிட்ரேட் மாத்திரை டாக்டர் எழுதித் தந்திருந்தால், உட்கார்ந்துகொண்டு ஒன்று வைக்க வேண்டும். நின்றுகொண்டு வைத்தால் பி.பி. இறங்கி விழுந்துவிடலாம். ஐந்து நிமிடத்தில் வலி குறையாவிட்டால் 108. வியர்த்துக் கொட்டினால் அந்த ஐந்து நிமிடமும் வேண்டாம். பைக்கில் உட்காரவைத்து அழைத்துப் போகாதீர்கள். 'வாயுப் பிடிப்பு' என்று சோடா குடித்துக் காத்திருந்து போன உயிர்கள் அதிகம். இந்தப் பத்தியை ஒரு தாளில் எழுதிச் சாமி படத்துக்குப் பக்கத்தில் ஒட்டிவிடுங்கள்.

ரத்தம் உறையாமல் தடுக்கத் தரும் டிகாக்ரிலார் மாத்திரை எடுக்கிறவர்களில் சிலருக்கு, சும்மா உட்கார்ந்திருக்கும்போதே காற்று போதாததுபோல் தோன்றும், பெருமூச்சு விட்டுக்கொண்டிருப்பார்கள். நடக்கும்போது அது அதிகமாகாது. மாத்திரையின் பக்க விளைவாக இருக்கலாம். டாக்டரிடம் சொன்னால் மாற்று மாத்திரை பற்றி யோசிப்பார். நீங்களாக நிறுத்தினால் ஆபத்து. புதிய ஸ்டென்ட்டின் உலோகத்தின்மேல் குழாயின் உள்தோல் படரும்வரை அங்கே ரத்தம் உறையத் துடிக்கும். அதைத் தடுக்கத்தான் ஆஸ்பிரினும் அதோடு இன்னொரு மாத்திரையும், வழக்கமாக 12 மாதம். பல் பிடுங்குவதற்காகவோ, 'மாத்திரை சூடு' என்று யாரோ சொன்னதற்காகவோ நிறுத்திவிட்டு இரண்டாம் மாரடைப்போடு வருபவர்கள் உண்டு. முட்டி வலிக்கு மருந்துக் கடையில் கேட்டு வாங்கும் டைக்ளோஃபினாக், ஐபுப்ரோஃபென் வேண்டாம். இதயத்துக்கும் கெடுதல், ரத்தக்கசிவுக்கும் வழி. பாரசிட்டமால் போதும்.

அழுகையும் கோபமும்

மாரடைப்பு வந்தவர்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவருக்கு, சிகிச்சை தேவைப்படும் அளவுக்கு மனச்சோர்வு வருகிறது. மனம் தளர்வது அதைவிட அதிகம் பேருக்கு. வீடு திரும்பிய முதல் இரண்டு மூன்று மாதம் அழுகை, எரிச்சல், தூக்கக் குறைவு இருந்து தானே தணிவதும் உண்டு. தணியுமா என்று கண்டுபிடிக்க இரண்டு கேள்வி போதும். கடந்த இரண்டு வாரத்தில் பெரும்பாலான நாட்கள் மனம் சோர்ந்து, நம்பிக்கை இழந்து இருந்தாரா? முன்பு பிடித்த விஷயங்களில், பேரப்பிள்ளையோ கிரிக்கெட்டோ கடைக் கணக்கோ, எதிலும் ஆர்வமே இல்லாமல் போய்விட்டதா? ஒன்றுக்காவது 'ஆமாம்' என்றால் அடுத்த செக்கப்பில் டாக்டரிடம் சொல்லுங்கள். 'நான் இருந்து என்ன பிரயோஜனம்' என்ற பேச்சு வந்தால் செக்கப்புக்குக் காத்திருக்காமல் அன்றே சொல்லுங்கள். 14416 என்ற, அரசின் டெலி மானஸ் மனநல உதவி எண்ணில் இரவு பகல் எந்நேரமும் தமிழில் பேசலாம், கட்டணமில்லை.

இதை மனதின் விஷயம், அப்புறம் பார்க்கலாம் என்று ஒதுக்க முடியாது. மாரடைப்புக்குப் பின் உடல்நிலை மோசமாவதற்கு மனச்சோர்வும் ஒரு காரணம் என்று அமெரிக்க இதய சங்கம் 2014-இல் அறிவித்தது. சோர்ந்தவர் மாத்திரையை மறப்பார், நடக்க மாட்டார், விட்ட பீடியைத் திரும்பத் தொடுவார். இதய நோயாளிகளுக்கு மனச்சோர்வு மருந்து தரலாமா என்ற தயக்கமும் வேண்டாம். செர்ட்ராலின் பாதுகாப்பானது என்று 2002-இல் வெளியான ஆய்விலேயே தெரிந்துவிட்டது. பலன் தெரிய இரண்டு முதல் நாலு வாரம் ஆகும். ரத்தம் உறையாமல் தடுக்கும் மாத்திரைகளோடு சேரும்போது கசிவு சற்றுக் கூடலாம் என்பதால், மலம் கறுப்பாகப் போனால் உடனே சொல்ல வேண்டும். சில பழைய மனச்சோர்வு மருந்துகள் இதயத் துடிப்பைக் குழப்பும். எனவே எழுதித் தருபவருக்கு மாரடைப்பு விவரம் தெரிந்திருக்க வேண்டும்.

யோகா பற்றி எல்லோரும் கேட்பார்கள். மாரடைப்பு வந்த 3,959 பேரை வைத்து இந்தியாவில் 24 மருத்துவமனைகளில் நடந்த ஆய்வு 2020-இல் வெளியானது. யோகா செய்தவர்களுக்கு மரணமோ மறு மாரடைப்போ குறைந்தது என்று அதில் உறுதியாகவில்லை. ஆனால் உடல்நலம் மேம்பட்டதாக உணர்ந்தார்கள், பழைய வேலைகளுக்கு நன்றாகத் திரும்பினார்கள். அவருக்கு இப்போது தேவைப்படுவதும் அதுதான். மூச்சை அடக்கும் பயிற்சியும் வேகமூச்சும் வேண்டாம். நாலு எண்ணும்வரை உள்ளே, ஆறு எண்ணும்வரை வெளியே, ஐந்து நிமிடம், படுக்கப் போகுமுன்.

வீடும் கடையும்

நீங்கள் எல்லோரும் சேர்ந்து அவரைக் கண்ணாடிப் பாத்திரமாக நடத்துகிறீர்கள். அன்பினால்தான், ஆனால் 'நான் உடைந்தவன்' என்ற செய்திதான் அவருக்குப் போய்ச் சேர்கிறது. தாழ்ப்பாளை இந்த வாரமே போட விடுங்கள். வெந்நீர் கொதிக்க வேண்டாம், வெதுவெதுப்பாக இருக்கட்டும், ஒரு ஸ்டூல் போட்டு உட்கார்ந்து குளிக்கட்டும். மலச்சிக்கலில் முக்குவது கூடாது, தேவைப்பட்டால் இரவில் இசப்கோல். கடைக்கு அடுத்த வாரமே காலையில் இரண்டு மணி நேரம் போகலாம். கல்லாவில் உட்காரட்டும். 25 கிலோ அரிசி மூட்டை தூக்குவது டிரெட்மில் பரிசோதனை முடிந்து டாக்டர் அனுமதித்த பிறகுதான். மூச்சைப் பிடித்துத் தூக்கும்போது பி.பி. சட்டென்று ஏறும். பாக்கி வசூலை இரண்டு மாதம் மகனோ நீங்களோ பாருங்கள். கடும் கோபத்துக்குப் பின் வரும் ஓரிரு மணி நேரத்தில் மாரடைப்பு அபாயம் கூடுகிறது.

நீங்கள் கேட்காத ஒன்று, கேட்கக் கூச்சப்பட்டிருக்கலாம். இரண்டு மாடி ஏறி நெஞ்சுவலியோ மூச்சுத்திணறலோ இல்லை என்றால் தாம்பத்தியத்துக்கும் தடையில்லை. ஆண்மைக் குறைவுக்குத் தரும் சில்டெனாஃபில் வகை மாத்திரை மட்டும் சார்பிட்ரேட்டோடு சேரவே கூடாது, பி.பி. உயிருக்கு ஆபத்தான அளவு இறங்கிவிடும்.

இரவில் நீங்கள் விழித்திருப்பதால் அவருக்கு எந்தப் பாதுகாப்பும் கூடுவதில்லை. வலி வந்தால் அவரே எழுப்புவார், தலைமாட்டில் ஒரு மணியோ டார்ச்சோ வைத்துவிடுங்கள். அந்த நேரத்துக்குப் பதில் உருப்படியான ஒன்றைக் கற்றுக்கொள்ளுங்கள். ஒருவர் மயங்கி விழுந்து, கூப்பிட்டும் பதில் இல்லை, மூச்சும் சரியாக இல்லை என்றால், 108-ஐ அழைத்துவிட்டு நெஞ்செலும்பின் கீழ்ப்பாதியில் இரு கைகளையும் ஒன்றின்மேல் ஒன்றாக வைத்து, 5 செ.மீ. ஆழத்துக்குக் குறையாமல், நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை, ஆம்புலன்ஸ் வரும்வரை அழுத்த வேண்டும். உங்கள் மருத்துவமனையில் பொம்மையை வைத்துப் பழக்குவார்களா என்று கேளுங்கள், மகனையும் கூட்டிப் போங்கள்.