யூரோவிஷன் 2016-ல் ருமேனியப் பாடகர் ஓவிடியு ஆன்டன் ஏன் தகுதி நீக்கம் செய்யப்பட்டார்? அவர் செய்த தவறு என்ன?

ஒரு தவறும் செய்யவில்லை. கேள்விக்குப் பதில் அவ்வளவுதான். ஆனால் கேட்ட விதம் சுருக்கென்று தைத்துவிட்டது, அதனால் மேற்கொண்டு எழுதுகிறேன். (யூரோவிஷன் தெரியாதவர்களுக்கு: ஐரோப்பிய நாடுகள் ஆளுக்கொரு பாட்டோடு வருடா வருடம் மோதும் பாட்டுப் போட்டி.)

யூட்யூபில் 'யூரோவிஷனில் இருந்து துரத்தப்பட்டவர்கள்' வகையறா காணொளி ஏதாவது பார்த்துவிட்டு வந்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். விதியை மீறியவர்கள் வரிசையில் இவர் படத்தையும் சேர்த்து ஒட்டிவிடுகிறார்கள். பார்க்கிறவர்களுக்கு ஏதோ தில்லுமுல்லு பண்ணி மாட்டிக்கொண்டவர் மாதிரிதான் தோன்றும்.

நடந்தது இதுதான். யூரோவிஷனில் ஆள் அனுப்புவது அரசாங்கம் இல்லை, அந்தந்த நாட்டுத் தொலைக்காட்சி. ருமேனியாவுக்கு டி.வி.ஆர். என்ற பொதுத் தொலைக்காட்சி. போட்டியை நடத்தும் ஐரோப்பிய ஒலிபரப்பு ஒன்றியத்துக்கு அது 2007-லிருந்து பாக்கி வைத்து, கடைசியில் தொகை 1 கோடியே 60 லட்சம் சுவிஸ் ஃபிராங்க் ஆகிவிட்டது. 2016 ஏப்ரல் 20 வரை கெடு. பணம் வரவில்லை. ஏப்ரல் 22-ஆம் தேதி டி.வி.ஆருக்கான உறுப்பினர் சேவைகளை நிறுத்துவதாக ஒன்றியம் அறிவித்தது, அதோடு ஆன்டனின் வாய்ப்பும் போயிற்று. ஸ்டாக்ஹோமில் மே 12 இரண்டாவது அரையிறுதியில் அவர் பாட வேண்டியது. அதற்கு மூன்று வாரம்கூட இல்லை.

அப்போது நான் புக்கரெஸ்டில் ஒரு சப்போர்ட் டீமில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். (ருமேனியா என்றதும் 'அங்கே டிராகுலாவைத் தவிர என்ன இருக்கு' என்று ஆரம்பிக்காதீர்கள், ப்ளீஸ். சித்தப்பா தொடங்கி எங்கள் தெரு மளிகைக்கடை அண்ணாச்சி வரை அத்தனை பேரிடமும் இதைக் கேட்டாயிற்று. ஜெர்மனி போனவனிடம் சம்பளத்தைக் கேட்பார்கள், என்னிடம் மட்டும் பேயைக் கேட்பார்கள்.) டீமில் ஒரு பெண்ணுக்கு மராமுரேஷ் பக்கம் சொந்த ஊர். மார்ச் 6-ஆம் தேதி அந்தப் பக்கத்துப் பையா மாரே நகரத்தில், யூரோவிஷனுக்கு யாரை அனுப்புவது என்று முடிவு செய்யும் தேசியத் தேர்வுப் போட்டியின் இறுதிச் சுற்று நடந்தபோது நேரில் போய்ப் பார்த்தவள். ஹேண்ட்பால் ஆடுகிற உள்ளரங்கத்தைத்தான் மேடையாக்கியிருந்தார்களாம். திங்கட்கிழமை தொண்டை கட்டிய குரலோடு வந்து, அன்று முழுக்க வாடிக்கையாளர் போனை எங்கள் பக்கம் தள்ளிவிட்டாள்.

ஆன்டன் முதல் தடவையிலேயே ஜெயித்தவர் இல்லை என்று அவள்தான் சொன்னாள். அதே தேசியத் தேர்வில் ஏற்கெனவே பாடித் தோற்றவர். முந்தைய வருடம் 2015-லும் 'ஸ்டில் அலைவ்' என்ற பாட்டோடு வந்து வெறுங்கையோடு போனார். அடுத்த வருடம் தானே எழுதிய 'மொமென்ட் ஆஃப் சைலன்ஸ்' பாட்டோடு திரும்பி வந்தார். பாப் ரசிகர்களுக்கு அது கொஞ்சம் கனமாகத் தெரியும், ராக் ஓபரா சாயல். எனக்கு முதலில் பிடிக்கவில்லை, அவள் போட்டுப் போட்டுப் பழக்கிவிட்டாள்.

ஒன்றியத்தின் அறிவிப்பு வந்த அந்த வெள்ளிக்கிழமை, ஏப்ரல் 22, ஆபீசில் பாதி நாற்காலி காலி. அடுத்த வாரம் அவர்களுக்கு ஈஸ்டருக்கு முந்தைய புனித வாரம், ஊருக்குக் கிளம்பியிருந்தார்கள். அவள் ஹெட்செட்டைக் கழற்றி வைத்துவிட்டுப் போனில் வந்த செய்தியை முதலில் ருமேனிய மொழியில் சத்தமாகப் படித்தாள், பிறகு எனக்காக ஆங்கிலத்தில். "நான் மாசா மாசம் கட்டிய பணம் எங்கே போச்சு?" என்றாள். புரிகிற ஆதங்கம்தான். அங்கே அப்போதெல்லாம் கரண்ட் பில்லிலேயே டி.வி. கட்டணம் என்று தனி வரி இருக்கும், மாதம் 4 லேய். ஒரு யூரோகூட வராது. வாடகை வீட்டில் இருந்த நானும் கட்டினேன், வீட்டில் டி.வி. இல்லாமலே. அதற்கப்புறம் அந்தக் கட்டணத்தையே எடுத்துவிட்டு, டி.வி.ஆர். செலவை அரசு பட்ஜெட்டில் போட்டுவிட்டார்கள்.

இப்போது என் கதை. யாராவது 'கேள்விக்குச் சம்பந்தம் இல்லை' என்று கீழே எழுதுவீர்கள், எழுதிக்கொள்ளுங்கள். அதே வருடம் அந்த நாட்டில் தங்குவதற்கான என் அனுமதியைப் புதுப்பிக்கப் போனேன். அங்கே எனக்குச் சொன்ன விதி, வேலை கொடுக்கிற கம்பெனி அரசுக்கு வரி பாக்கி வைத்திருக்கக் கூடாது என்பது. அதற்கு ஒரு சான்றிதழ் கேட்டார்கள். எங்கள் கம்பெனியால் வாங்க முடியவில்லை, ஏனென்றால் பாக்கி இருந்தது. என் சம்பளத்தில் பிடித்த தொகை ஒழுங்காகப் பிடிக்கப்பட்டிருந்தது, பே-ஸ்லிப் என் கையில் இருந்தது. கவுன்டரில் இருந்த அம்மா அதைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை, என் பெயர் எழுதிய ஃபைலை அப்படியே என் பக்கம் தள்ளிவிட்டார். கம்பெனி எப்படியோ பணம் புரட்டிக் கட்டும்வரை நான் நாட்டைவிட்டு வெளியே போக முடியாது. தங்கை வளைகாப்புக்கு டிக்கெட் போட்டிருந்தேன், அது வீணாகிவிட்டது.

அதைவிட வலித்தது ஊரில் பரவிய பேச்சு. "அவன் அங்கே என்னமோ பண்ணிட்டானாம், விசா குடுக்க மாட்டேங்கறாங்களாம்." அப்பாவே போனில் குரலைத் தாழ்த்தி, "ஏதாச்சும் பிரச்சினைன்னா சொல்லிடுப்பா, பாத்துக்கலாம்" என்றார். கம்பெனி பாக்கி என்று எத்தனை விளக்கினாலும் கடைசியில் 'சரி சரி' என்பார்கள், அந்தச் சரியில் நம்பிக்கை இருக்காது. 'ஆன்டன் என்ன தவறு செய்தார்' என்ற கேள்வியைப் பார்த்ததும் எனக்கு அப்பாவின் அந்தக் குரல்தான் கேட்டது.

மறுபடி விஷயத்துக்கு. ருமேனியா ஒன்றும் சும்மா வந்துபோகிற நாடு இல்லை. 2005-ல் கீவ் நகரத்தில் லுமினிட்சா ஆங்கெல் பாட, பின்னால் 'சிஸ்டெம்' குழுவினர் மேடையிலேயே இரும்பைத் தேய்த்துப் பொறி பறக்கவிட்டு மூன்றாம் இடம். 2006-ல் மிஹாய் திரெய்ஸ்தாரியு நாலாம் இடம். 2010-ல் பவுலா செலிங்கும் ஓவியும் கண்ணாடி மாதிரி பியானோவோடு மறுபடி மூன்றாம் இடம். அரையிறுதி முறை வந்ததிலிருந்து 2015 வரை ஒரு வருடம்கூட அவர்கள் இறுதிச் சுற்றைத் தவறவிட்டதில்லை. அந்த வரிசையில் ஆன்டனும் இருந்திருப்பாரா என்று யாரும் சொல்ல முடியாது, பாட விட்டால்தானே தெரியும்! கூத்து என்னவென்றால், அந்த வருடத்து அதிகாரபூர்வ ஆல்பம் ஏற்கெனவே தயாராகிவிட்டதால் அவர் பாட்டு அதில் இருக்கிறது. காசு கொடுத்து வாங்கிக் கேட்கலாம், மேடையில் மட்டும் கேட்க முடியாது.

மே 12 ராத்திரி அந்த மராமுரேஷ் பெண் வீட்டில் கூடுவதாகப் போட்ட திட்டத்தை யாரும் மாற்றவில்லை. டி.வி.ஆரில் ஒளிபரப்பு கிடையாது, லேப்டாப்பில்தான் பார்த்தோம். அவள் மட்டும் பாதியில் எழுந்து போய் அடுப்படியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். அடுத்த வருடம் ருமேனியா திரும்பி வந்து ஏழாம் இடம் பிடித்தது. பாடியவர்கள் இலிங்காவும் அலெக்ஸ் ஃப்ளோரியாவும். ஆன்டனுக்கு அந்த டிக்கெட்டை யாரும் எடுத்து வைத்திருக்கவில்லை.

ஒன்றியம் செய்தது தப்பு என்று நான் வாதாடவில்லை. கடன் வாங்கினால் கட்டத்தான் வேண்டும், மற்ற நாடுகள் கட்டுகின்றனவே. ஆனால் 2007-லிருந்து பாக்கி இருக்கும்போதே வருடா வருடம் பாட அனுமதித்தவர்கள், 2016-ல் மட்டும் தேர்வு நடந்து, ஒருவர் ஜெயித்து, ஆல்பம் வரை போன பிறகு கதவைச் சாத்தியது ஏன்? மார்ச் 6-க்கு முன்னால் கெடு வைத்திருந்தால் என்ன குறைந்திருக்கும்? 'விதி விதிதான்' என்று எழுத வருகிறவர்கள் முதலில் இதற்குப் பதில் சொல்லிவிட்டு எழுதுங்கள்.