இரண்டு நிலா, மீதி மூன்றேகால் நாள்: கற்பனை உலகத்துக்குக் காலண்டர் செய்வது பற்றிக் கேள்வி பதில்

மயிலாப்பூரில் உட்கார்ந்து பல வருடமாக ஒரே கற்பனை உலகத்தை எழுதிக்கொண்டிருக்கிறேன், பெயர் ஓதநாடு. அங்கே ஆண்டுக்கு 343¼ நாள். பெரிய நிலா 34 நாளுக்கு ஒருமுறை முழுதாகும், சின்ன நிலா 21 நாளுக்கு ஒருமுறை. அதன் நாட்காட்டி பற்றிக் கேட்டவர்களுக்கு என் பதில்கள் இவை.

முதல் நாவல் எழுதும் தம்பி, பெரம்பூர்: அக்கா, மாதத்துக்கு 30 நாள், 12 மாதம், மொத்தம் 360 என்று போட்டுவிட்டேன். போதாதா?

கணக்குக்குப் போதும் தம்பி, கதைக்குத்தான் போதாது. நம் வானத்தையே பாருங்கள். அமாவாசையிலிருந்து அமாவாசைக்கு 29.53 நாள். பன்னிரண்டால் பெருக்கினால் 354 சொச்சம், ஆண்டோ 365¼. கிட்டத்தட்ட 11 நாள் இடிக்கிறது. இஸ்லாமிய நாட்காட்டி அதை அப்படியே விட்டுவிடுகிறது, அதனால் ரம்ஜான் சுமார் 33 ஆண்டில் எல்லாப் பருவங்களையும் சுற்றி வந்துவிடும். தெலுங்கர்கள் இரண்டு மூன்று ஆண்டுக்கு ஒருமுறை அதிக மாதம் ஒன்றைச் சேர்த்துச் சரிக்கட்டுகிறார்கள். நாம் மாதக் கணக்கில் நிலாவையே விட்டுவிட்டுச் சூரியன் எந்த ராசியில் இருக்கிறது என்று பார்க்கிறோம். ஒரே மீதிக்கு மூன்று தீர்வு, மூன்றும் திருவல்லிக்கேணியில் அடுத்தடுத்த வீட்டுச் சுவரில் தொங்கும். 360 போட்டால் இந்த மூன்றுமே உங்கள் உலகத்தில் பிறக்காது. முதலில் எவ்வளவு மீதி வரும் என்று முடிவு செய்யுங்கள், மாதங்களை அப்புறம் பார்க்கலாம்.

பொறியியல் மாணவி, கிண்டி: ஓதநாட்டில் பெரிய நிலாவை வைத்து 34 நாளாகப் பத்து மாதம் போக மீதி மூன்று நாளை எந்த மாதத்திலும் சேராத ‘ஊமை நாள்’ என்கிறீர்கள். அதற்கு அடுத்த மாதமே அமாவாசை தப்பிவிடுமே?

தப்பும். இதைத்தான் யாராவது கேட்க மாட்டார்களா என்று காத்திருந்தேன்! ஊமை நாள் வைப்பது உழவர்கள், அவர்களுக்கு மழை வரும் மாதம் மாறக்கூடாது, நிலா எங்கே போனாலும் சரி. கால் நாள் சேர்ந்து சேர்ந்து நான்காண்டுக்கு ஒருமுறை நான்காவது ஊமை நாளும் வரும். மீனவர்கள் ஊமை நாளை ஏற்பதில்லை, பத்து நிலா முடிந்தால் அவர்களுக்குப் புத்தாண்டு. அதனால் அவர்கள் திருவிழா ஆண்டுக்கு மூன்றேகால் நாள் முன்னே நகர்ந்து, ஒரு முழுச்சுற்று வர 105 ஆண்டுக்கு மேல் ஆகும். இரண்டு தரப்பையும் சேர்த்துவைக்கக் கோயில்காரர்கள் பத்து அல்லது பதினோரு ஆண்டுக்கு ஒருமுறை பதினோராவது மாதம் ஒன்றை அறிவிப்பார்கள் (34-ஐ 3¼-ஆல் வகுத்தால் பத்தரை வரும்). அந்த மாதத்துக்கு வரி உண்டா, கூலி உண்டா, அறிவிக்கும் உரிமை யாருக்கு? என் இரண்டாம் பாகம் முழுக்க அந்தச் சண்டைதான், எல்லாம் ஒரு வகுத்தல் கணக்கிலிருந்து வந்தது.

இரண்டு நிலாவும் ஒரே இரவில் முழுதாவது எப்போது?

34-க்கும் 21-க்கும் ஒன்றைத் தவிரப் பொது வகுஎண் கிடையாது, அதனால் பெருக்கினால் போதும்: 714 நாள். இரண்டு ஆண்டுக்கு மேல் 27½ நாள் என்பதால் ஒவ்வொரு முறையும் கொஞ்சம் தள்ளிப்போகும். நம் ஒற்றை நிலாவுக்கே அமாவாசை, பௌர்ணமி நாட்களில் ஓதம், அதாவது கடல் ஏற்றம், கூடுகிறது. இரண்டும் சேர்ந்து இழுக்கும் இரவில் கடலோரத்துக் குப்பம் தூங்குமா?

மாதங்கள் சமமில்லாமல் இருக்கலாமா? குழப்பமாகாதா?

நமக்குக் குழப்பமா என்ன? ஆனி 31, 32 நாள் ஓடும், மார்கழி 29-இலோ 30-இலோ முடிந்துவிடும். ஜனவரி தொடக்கத்தில் பூமி சூரியனுக்கு மிக அருகில் வருவதால் வேகமாக ஓடுகிறது, ஒரு ராசியைச் சூரியன் கடக்க அப்போது குறைந்த நாளே ஆகும். ஜூலையில் இதற்கு நேர்மாறு. உங்கள் கிரகத்தின் பாதை இன்னும் நீள்வட்டமாக இருந்தால் ஒரு மாதம் 20 நாள், இன்னொன்று 45 நாள் என்றுகூட வரலாம், தாராளமாக எழுதுங்கள். பெயரிலும் பழைய கணக்கின் தடம் இருக்கட்டும். நாம் சூரிய மாதத்துக்கு மாறிய பிறகும் சித்திரை, கார்த்திகை எல்லாம் பௌர்ணமி நிலா எந்த நட்சத்திரத்தின் பக்கம் நிற்கிறது என்பதை வைத்து வந்த பெயர்கள்தான். எனக்கு இது எப்போது நினைத்தாலும் ஆச்சரியம்.

வாரம் ஏழு நாளாகத்தான் இருக்க வேண்டுமா?

நம் ஏழு என்பது சூரியன், சந்திரன், கண்ணுக்குத் தெரியும் ஐந்து கோள்கள். அதே கணக்கில் ஓதநாட்டுக்கு எட்டு. திங்கள் இரண்டு உண்டு, பெருந்திங்கள், சிறுதிங்கள்.

ஆண்டுக்கு எண்ணா, பெயரா?

கதையைப் பொறுத்தது. நம் அறுபது ஆண்டுப் பெயர்களில் 2025 விசுவாவசு, 1965-உம் விசுவாவசு. ஓர் ஓலையில் பெயர் மட்டும் இருந்தால் எந்தச் சுற்று என்று தெரியாது, அந்த ஒரு சந்தேகத்திலேயே நல்ல துப்பறியும் கதை எழுதலாம். சோழர் கல்வெட்டுகளில் மன்னன் பட்டமேறியதிலிருந்து ‘யாண்டு’ எண்ணுகிறார்கள், மன்னன் மாறினால் மறுபடி ஒன்று. வாரிசுச் சண்டைக் கதைக்கு இதைவிடப் பொருத்தமான முறை எனக்குத் தெரியவில்லை, ஏனென்றால் கடிதத்தில் தேதி போடுவதே யார் பக்கம் என்று காட்டிக்கொடுத்துவிடும்.

இதையெல்லாம் கதையில் எப்படிச் சொல்வது? அட்டவணை போட்டால் படிப்பார்களா?

அட்டவணையை உங்கள் நோட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள். காசிமேட்டில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு போகாது, நமக்கு அது ‘தடைக்காலம் முடியட்டும், வஞ்சிரம் வாங்கலாம்’ என்று சமையலறைப் பேச்சாகத்தான் வந்து சேர்கிறது. உங்கள் பாத்திரங்களும் அப்படியே பேசட்டும். என் நாயகி பிறந்தது நான்காவது ஊமை நாளில். மாதமும் கிடையாது, நான்காண்டுக்கு ஒருமுறைதான் அந்த நாளும் வரும். அதனால் அவள் அம்மா சின்ன நிலாவை எண்ணி 21 நாளுக்கு ஒருமுறை பாயசம் வைக்கிறாள். மூன்றாம் அத்தியாயத்தில் பக்கத்து வீட்டுக்காரி ‘இந்த வீட்டில் மட்டும் என்ன எப்போதும் பாயசம்?’ என்று கேட்கும்வரை ஊமை நாள் பற்றி நான் ஒரு வரிகூட எழுதவில்லை.