497 யாரைக் காத்தது?

வணக்கம். என் நண்பரின் மனைவிக்கு வேறொருவரோடு உறவு. புகார் கொடுக்கப் போனவரை, ‘இப்போ இது கேஸே இல்லை’ என்று காவல் நிலையத்தில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 497-ஆம் பிரிவு ஆணை மட்டும் தண்டித்தது அநியாயம்தான். அதற்காகப் பிரிவையே தூக்கிப்போடுவதா? பெண்ணையும் சேர்த்துத் தண்டிக்கும்படி திருத்தியிருக்கலாமே?

ஆர்., நாமக்கல்

அன்புள்ள ஆர்.,

497 பெண்ணுக்குச் சலுகை காட்டியது என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். அதன் வாசகமோ வேறு கதை சொல்கிறது. பிறன் மனைவி என்று தெரிந்தே, அந்தக் கணவனின் சம்மதமோ உடந்தையோ இல்லாமல் அவளோடு உறவுகொள்ளும் ஆணுக்கு 5 ஆண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். கணவன் சம்மதித்துவிட்டால் குற்றமே இல்லை. மணமான ஆண் ஒருவன் மணமாகாத பெண்ணையோ விதவையையோ நாடினாலும் குற்றமில்லை. அவனுடைய மனைவி புகார் கொடுக்கவும் முடியாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 198(2) பிரிவு அந்த உரிமையை மற்றப் பெண்ணின் கணவனுக்கே தந்தது. காக்கப்பட்டது கணவனின் உடைமை. மனைவிக்குத் தண்டனை இல்லை என்ற வரியையும் அப்படித்தான் படிக்க வேண்டும்: களவுபோன நகையை யாரும் சிறையில் போடுவதில்லை.

1954, 1985, 1988 என மூன்று முறை இப்பிரிவு உச்ச நீதிமன்றத்தில் தப்பியது. 1985 தீர்ப்பை எழுதியவர் ஒய்.வி. சந்திரசூட். 2018 செப்டம்பர் 27-இல் ஜோசப் ஷைன் வழக்கில் ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாக அதை ரத்து செய்தபோது, அந்த ஐவரில் ஒருவர் அவருடைய மகன்!

பெண்ணையும் தண்டித்தால் சமத்துவக் குறை (அரசியலமைப்பின் உறுப்புகள் 14, 15) தீரும் என்று வாதிடலாம். ஆனால் படுக்கையறைக்குள் போலீஸ் நுழைவது பற்றிய, தனிமனித உரிமை பேசும் உறுப்பு 21-இன் கேள்வி அப்படியே நிற்கும். 2023-இல் நாடாளுமன்ற நிலைக்குழு இருபாலருக்கும் பொதுவான குற்றமாக இதை மீண்டும் சேர்க்கப் பரிந்துரைத்தது. அரசு ஏற்கவில்லை. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவில் இந்தக் குற்றம் கிடையாது. போலீஸ் சொன்னது சரிதான்.

பழைய சட்டத்தின் 498 மட்டும் புதியதில் பிரிவு 84 ஆகப் பிழைத்திருக்கிறது. தகாத உறவுக்காகப் பிறன் மனைவியை மயக்கி அழைத்துச் செல்வதோ மறைத்து வைப்பதோ 2 ஆண்டு வரை சிறைக்குரிய குற்றம். புகார்தாரர் இன்றும் கணவன் மட்டுமே. 497-இன் ஆவி போகவில்லை. உங்கள் நண்பரை யாராவது இந்தப் பக்கம் தள்ளினால் யோசிக்கச் சொல்லுங்கள். உறவு இருந்தது என்று காட்டினால் போதாது, அழைத்துச் சென்றதையோ மறைத்து வைத்ததையோ அந்த நோக்கத்தோடு சேர்த்து நிரூபிக்க வேண்டும்.

அவருக்குரிய இடம் குடும்ப நீதிமன்றம். இந்து திருமணச் சட்டம் பொருந்துமானால் தகாத உறவை விவாகரத்துக்குக் காரணமாக ஏற்கும் பிரிவு 13(1)(i) கணவன், மனைவி இருவருக்கும் பொது. 1976 திருத்தத்துக்குப் பிறகு ஒரு முறை நடந்த உறவே விவாகரத்துக்குப் போதும். மனு சறுக்குவது பெரும்பாலும் ‘தகாத உறவு வைத்திருக்கிறார்’ என்று மொட்டையாக எழுதும்போதுதான். தேதி, இடம், மற்றவரின் பெயர் வேண்டும். பெயர் தெரிந்தால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டியிருக்கும். வாட்ஸ்அப் நகல்களைத் தாக்கல் செய்யும்போது மின்னணு ஆதாரத்துக்குப் புதிய சாட்சியச் சட்டப் பிரிவு 63(4) கேட்கும் சான்றிதழை இணைக்காவிட்டால் எதிர்த்தரப்பு அதிலேயே பிடிக்கும். குழந்தைக்கு டிஎன்ஏ சோதனை கேட்டு மனைவியின் உறவை நிரூபிக்கலாம் என்ற குறுக்குவழியை 2023 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் மறுத்திருக்கிறது. அது நல்ல தீர்ப்பு.

ஜீவனாம்சக் கணக்கு வேறு. புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 144(4) பிரிவு, மனைவி அந்த உறவிலேயே ‘வாழ்ந்துவந்தால்’தான் ஜீவனாம்சத்தை மறுக்கிறது. எப்போதோ நடந்த ஒரு சம்பவம் அதற்குப் போதாது. விவாகரத்தை வென்ற அதே ஆதாரம் இங்கே தோற்கலாம். இரண்டு மனுக்களையும் ஒரே வாசகத்தில் அச்சடித்துக் கொடுக்கும் வக்கீலாக இருந்தால், நண்பர் கையெழுத்துப் போடும் முன் இதைக் கேட்கட்டும்.